ஜைத்தூன் பீவி முற்றத்தில் கிடந்த நிழல்

வல்லாஹி! பில்லாஹி! தல்லாஹி! மூன்று தடவை சத்தியம் செய்துவிட்டேன், போதாதென்றால் பள்ளிவாசல் ஹவுள் தண்ணீரில் இறங்கி நின்று நாலாவது தடவையும் செய்கிறேன்: இனி நான் சொல்லப்போவதில் ஒரு புள்ளிகூடப் பொய் கிடையாது. சுண்ணாம்புத்துறையில் என்னைக் கப்சா காக்கா, அதாவது புளுகு அண்ணன், என்றுதான் கூப்பிடுவார்கள், அது உண்மை. கடல்பசு ஒன்று என்னிடம் மச்சான் முறை கொண்டாடியது என்று சொன்னது பொய், மாலத்தீவில் ஒரு கிளி எனக்கு ஓதிப் பார்த்தது என்று சொன்னதும் பொய், ஒத்துக்கொள்கிறேன். இது அந்த வகையில் சேராது. இதற்கு ஒரு ஊர் முழுக்கச் சாட்சி இருக்கிறது, ஆலிம்சா உட்பட.

எங்கள் ஊரில் ஹஜ்ஜுக்குப் போகிறவர் பெட்டி கட்டுவதற்கு முன்னால் தெருத் தெருவாகப் பயணம் சொல்லப் போவார். ஒவ்வொரு வீட்டு வாசலிலும் நின்று, “தெரிஞ்சோ தெரியாமலோ ஏதாச்சும் செஞ்சிருந்தா பொருந்திக்கிடுங்க” என்பார். வீட்டுக்காரர், “பொருந்திக்கிட்டோம், நீங்களும் பொருந்திக்கிடுங்க, ரசூலுல்லாவுக்கு எங்க ஸலாத்தச் சொல்லுங்க” என்பார். தொழுகையில் விட்டதை, நோன்பில் விட்டதை அல்லாஹ் மன்னித்துவிடுவான். ஆனால் ஒரு மனிதனுக்கு இன்னொரு மனிதன் செய்ததை அந்த மனிதன் பொருந்தினால் ஒழிய அல்லாஹ்வும் மன்னிப்பதில்லை என்று எங்களுக்குச் சின்ன வயதிலேயே சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள். அதனால் இந்தச் சடங்கு எல்லோருக்கும் மனப்பாடம். கேட்கிறவர் யோசித்துக் கேட்பதில்லை, சொல்கிறவரும் யோசித்துச் சொல்வதில்லை. மாவு இடித்துக்கொண்டே பொருந்துகிறவர்கள் உண்டு, பல் துலக்கிக்கொண்டே பொருந்துகிறவர்கள் உண்டு.

தண்டல் மீராசா முப்பத்தைந்து வருடம் தோணி ஓட்டியவர், எங்கள் பக்கத்தில் தோணியின் தலைவனைத் தண்டல் என்போம். கொழும்பும் மாலத்தீவும் அவருக்குப் பக்கத்துத் தெரு மாதிரி. மூன்று வருடம் ஹஜ்ஜுக் குலுக்கலில் பெயர் வராமல், நாலாவது வருடம் அறுபத்தெட்டாவது வயதில் வந்தது. பன்னிரண்டு நாளில் முந்நூறு வீடு ஏறி இறங்கினார். எல்லா வீடும் முடிந்தது, ஒரு வீட்டைத் தவிர. அந்த வீட்டை மூன்று தடவை கடந்து போனார், மூன்று தடவையும் செருப்பு வாரைச் சரிசெய்யக் குனிந்துகொண்டே போனார். நாளைக்குப் பயணம் என்ற நிலையில், சாயங்கால அஸர் தொழுதுவிட்டு, அந்த வாசலில் போய் நின்றார்.

ஜைத்தூன் பீவியின் வீடு அது. மேற்குப் பார்த்த வாசல், உள்ளே முற்றம், முற்றத்துக்கு நடுவில் கிணறு. வெயில் மீராசாவின் முதுகில் விழ, அவருடைய நிழல் அவருக்கு முன்னாலேயே உள்ளே போய்க் கிணற்றடி வரைக்கும் நீண்டு கிடந்தது. அவள் கிழிந்த வலை ஒன்றைப் பொத்திக்கொண்டிருந்தாள்.

“ஜைத்தூன், பயணம் சொல்ல வந்தேன்.”

“சொல்லுங்க, தண்டல் காக்கா.” ஊசி நிற்கவில்லை.

“தெரிஞ்சோ தெரியாமலோ ஏதாச்சும் செஞ்சிருந்தா...”

“அதுல எது?”

“என்னம்மா?”

“தெரிஞ்சா, தெரியாமலா? ரெண்டையும் ஒரே பொட்டலமாக் கட்டிக் குடுத்தா நான் எதப் பொருந்துறது?”

அவள் எதைக் கேட்கிறாள் என்று மீராசாவுக்கும் தெரியும், எனக்கும் தெரியும், ஊருக்கும் தெரியும். இருபத்திரண்டு வருடத்துக்கு முன்னால் ஓர் ஐப்பசிக் காலையில், சரக்கு இறக்கிவிட்டுத் திரும்பி வந்த மீராசாவின் தோணியில் ஆறு பேர். தோணிக்குள் மீராசாவோடு சேர்த்து நாங்கள் ஐந்து பேர், ஆமாம், நானும்தான். பின்னால் கயிற்றில் கட்டி இழுத்து வந்த சின்ன வல்லத்தில் ஜைத்தூனின் ஒரே மகன் நூஹு, இருபது வயது, நல்ல கருங்காலி மாதிரி உடம்பு. காற்று திடீரென்று திரும்பி, கடல் எழும்பி, வல்லத்தில் தண்ணீர் ஏறி, அது கல்லாகக் கனத்துத் தோணியின் பின்பக்கத்தைக் கீழே இழுத்தது. ஐந்து பேர் கரைக்கு வந்தோம். கயிறு அறுந்தது என்று மீராசா ஜமாஅத்தில் சொன்னார். மூன்றாம் நாள் வல்லம் மட்டும் தெற்கே ஒதுங்கியது. அதன் மூக்கில் கிடந்த கயிற்றுத் துண்டை ஜைத்தூன் கையில் எடுத்துப் பார்த்தாள். கயிறும் வலையுமாகவே வளர்ந்தவள் அவள். தானாக அறுகிற கயிற்றில் நாரெல்லாம் தலைவிரித்து நிற்கும். இதில் ஒரு நார்கூட நீளவில்லை. அதை ஜமாஅத்தில் கொண்டுபோய்க் காட்டினாள். கடல் எடுத்ததை ஆராயக் கூடாது என்று சொல்லி யாசீன் ஓதி முடித்துவிட்டார்கள்.

அறுந்தது என்பதற்கும் அறுத்தது என்பதற்கும் நடுவில் ஓர் எழுத்துதான் வித்தியாசம், எழுதிப் பார்த்தால் தெரியும். அந்த ஓர் எழுத்தை அவள் இருபத்திரண்டு வருடமாகக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

“அறுந்ததா, அறுத்ததா? சொல்லிட்டுப் போங்க, காக்கா. நான் உங்கள அடிக்கப்போறதில்ல.”

மீராசா வாயைத் திறந்தார். “அறு” என்றார். அவ்வளவுதான். அந்த இரண்டு எழுத்துக்கு மேல் நாக்கு ஏறவில்லை, இறங்கவும் இல்லை. பிறகு திரும்பித் தெருவில் நடந்தார்.

“காக்கா,” என்று பின்னாலிருந்து கூப்பிட்டாள் ஜைத்தூன். “ஒண்ண விட்டுட்டுப் போறீங்க.”

திரும்பிப் பார்த்தார். அவருடைய நிழல் முற்றத்திலேயே கிடந்தது. தலை கிணற்றடியில், கால் வாசற்படியில். அவருடைய காலடியில் தெருவின் மணல் மட்டும் வெள்ளையாகக் கிடந்தது.

மறுநாள் விடிந்ததும் அவர் போய் அதன் மேல் ஏறி நின்று பார்த்தார், பாதத்தோடு பாதம் பொருத்தி மெதுவாக நகர்ந்து பார்த்தார், ஓடிப் பார்த்தார். ஒட்டவில்லை. அவர் குனிந்தால் குனிந்தது, கை தூக்கினால் தூக்கியது, ஆனால் அந்த முற்றத்தை விட்டு அசையவில்லை. பஸ் மத்தியானம். பள்ளிவாசலில் அவசரமாகக் கூடினார்கள். நிழலை அளந்து அஸருக்கு நேரம் பார்க்கிற கூட்டம் நாங்கள், எங்களுக்கு நிழல் சின்ன விஷயம் இல்லை.

“ஹஜ்ஜுக்கு என்னென்ன ஷர்த்து, என்னென்ன நிபந்தனைன்னு கிதாபுல வரிசையா இருக்கு,” என்றார் இத்ரீஸ் ஆலிம்சா. “நிழல் அதுல இல்ல. போகலாம்.”

“ஏர்போர்ட்டுல நிறுத்த மாட்டானா?” என்று கேட்டார் கூட்டத்தில் ஒருவர்.

பாங்கு சொல்கிற மோதினார் பக்கீர் சிரித்தார். “போட்டோவுல நிழல் விழுந்தாத்தான் திருப்பி அனுப்புவான். விழலேன்னா அவனுக்குச் சந்தோசம்.”

“ஆனா,” என்று ஆலிம்சா மீராசாவின் பக்கம் திரும்பினார், குரல் தாழ்ந்தது, “ஜைத்தூன் பீவிக்குச் சேர வேண்டிய உரிமை, அவங்க ஹக்கு, உங்க மேல நிக்குது. ஹஜ்ஜு நிறைவேறும். மனுசன் நிறைவாத் திரும்புறது அவங்க கையில.”

மீராசா தலையசைத்தார். அன்று மத்தியானம் பஸ் ஏறினார். நெருப்பு மாதிரி வெயில், வழியனுப்ப வந்த நூறு பேரின் நிழலும் பஸ்ஸின் சக்கரத்தடியில் குவிந்து கிடக்க, அவருடையது மட்டும் அங்கே இல்லை. அவர் மனைவி பாத்துமுத்து தன் முந்தானை நிழலையாவது அவர் காலில் விழும்படி நின்றுகொண்டாள், பாவம்.

முதல் இரண்டு நாள் நிழல் ஜைத்தூன் வீட்டு மதில் ஓரம் முழங்கால் மடக்கி உட்கார்ந்திருந்தது. பஸ்ஸிலும் விமானத்திலும் இருக்கிறார் என்று புரிந்துகொண்டோம். அப்புறம் எழுந்து நடமாடத் தொடங்கியது. எங்கள் ஊர் வெயிலுக்கு அது கட்டுப்படவே இல்லை. அங்கே சூரியன் ஏற இங்கே சுருங்கியது, அங்கே சாய இங்கே நீண்டது, எங்கள் நேரத்துக்கு இரண்டரை மணி பின்னால். ஊர் அதை இரண்டு நாளில் பழகிக்கொண்டது. பெண்கள் பாயோடு வந்தார்கள். கோழிகள் அதன் மார்பில் படுத்து வெயில் தணித்துக்கொண்டன. அஸரைத் தவறவிட்ட ஒருவன், இரண்டரை மணி நேரம் கழித்துத் தண்டல் தொழும்போது அவர் பின்னால் ஜமாஅத்தாக நின்றுகொள்ளலாமா என்று கேட்டு ஆலிம்சாவிடம் வாங்கிக் கட்டிக்கொண்டான். பாத்துமுத்துவுக்குப் போன் வந்தது.

“காலடியில ஒண்ணுமே விழல, பாத்து. என்னமோ மாதிரி இருக்கு. அங்க அது என்ன செய்யுது?”

“நீங்க செய்யுறத அது செய்யுது. நேத்து வரிசையில நின்னு சொறிஞ்சதுகூட ஊரு பூரா தெரியும். பாத்து நடந்துக்கிடுங்க.”

முதலில் மதீனா. ஒரு நாள் காலை நிழல் நெஞ்சில் கை வைத்துத் தலை குனிந்து நின்றது, நின்றுகொண்டே இருந்தது. முந்நூறு வீட்டு ஸலாமையும் பெயர் சொல்லிச் சொல்கிறார் என்று எங்களுக்கு விளங்கிவிட்டது. “இப்ப மேலத்தெரு முடிஞ்சிருக்கும்”, “இப்ப நம்ம தெருவுக்கு வந்திருப்பாரு” என்று மதிலுக்கு வெளியே நின்றவர்கள் கணக்குப் போட்டார்கள். தன் தெரு வருகிறது என்று தோன்றியதும் ஒவ்வொருவரும் சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டு நேராக நின்றார்கள். ஜைத்தூன் யாருக்கும் ஸலாம் கொடுத்தனுப்பவில்லை. வழக்கம் போல முதுகைக் காட்டிக்கொண்டு வலை பொத்தினாள். ஆனால் அன்றைக்கு ஊசி நடுவழியில் நின்றதையும், அவள் உதடு அசைந்ததையும் நான் பார்த்தேன்.

பிறகு நிழலின் ஓரங்கள் மாறின. சட்டைக் காலர் போயிற்று, தொப்பி போயிற்று, ஒரு தோள் திறந்தது. தையலில்லாத வெள்ளைத் துணி உடுத்தி இஹ்ராம் கட்டிவிட்டார். அடுத்த நாள், அங்கே அவர் கஃபத்துல்லாவைச் சுற்ற, இங்கே அது ஜைத்தூனின் கிணற்றை இடப்பக்கமாக வைத்து ஏழு சுற்றுச் சுற்றியது, ஒவ்வொரு சுற்றிலும் துவைக்கிற கல்லுக்கு நேராக வந்ததும் கையைத் தூக்கியது. பார்த்துக்கொண்டிருந்த மூன்று நான்கு பேர் தாங்க முடியாமல் பின்னால் சேர்ந்து நடக்கப் போனார்கள். ஆலிம்சா பதறிக் கைத்தடியைக் குறுக்கே நீட்டினார். “பாருங்க! சுத்தாதீங்க! கெணத்தச் சுத்தி ஈமானைத் தொலைச்சிராதீங்க!” பின் முருங்கை மரத்துக்கும் வாசலுக்கும் நடுவே, அங்கே இரண்டு குன்றுகளுக்கு இடையில் ஓடுகிற தொங்கோட்டம் ஓடியது, ஏழு தடவை; நடுவில் கொஞ்ச தூரம் அந்த வயதிலும் தோள் குலுங்க ஓடியது. ஒரு வேளை தொழும்போது கிழக்கே பார்த்தது, இன்னொரு வேளை வடக்கே பார்த்தது. ஊர் கலங்கிவிட்டது. “கஃபத்துல்லா கண்ணு முன்னாலயே இருக்கையில எந்தப் பக்கம் நின்னாலும் கிப்லாதான்,” என்று ஆலிம்சா சொன்ன பிறகுதான் பெண்களுக்கு மூச்சு வந்தது. அந்தப் பேச்சைக் கேட்டு ஒரு கிழவர் மதிலைப் பிடித்துக்கொண்டு ஏங்கி ஏங்கி அழுதார். வாழ்நாளெல்லாம் ஒரே திசையைப் பார்த்துத் தொழுதவர்.

கூட்டம் கூடக் கூட ஜைத்தூனுக்குக் கோபம் வந்தது. “இது என் வீட்டு முற்றம், மினா மைதானம் கிடையாது. துணி காயப்போட எடமில்ல எனக்கு,” என்று துடைப்பத்தோடு எழுந்தாள். எல்லோரும் வாசலுக்கு ஓடினார்கள். அவள் முற்றம் முழுக்கப் பெருக்கினாள். நிழலின் ஓரம் வந்ததும் நிறுத்தி, அதைச் சுற்றிக்கொண்டு, அந்தப் பக்கம் போய்ப் பெருக்கினாள். ஒரு தடவைகூட அதை மிதிக்கவில்லை.

ஹஜ்ஜின் உச்சமான அறபா நாள் வந்தது. வழக்கம் போலப் பிறைச் சண்டையும் வந்தது. எங்கள் ஊர்க் கணக்குப்படி பிறை எட்டு, நாளைக்குத்தான் அறபா என்று ஒரு கட்சி; அங்கே தண்டல் இன்றைக்கே நிற்கிறார், கண்ணால் பார்த்துக்கொண்டே எட்டு என்கிறாயா என்று இன்னொரு கட்சி. ஒரே வீட்டில் வாப்பா நோன்பு, மகன் சாப்பாடு. ஆனால் சாயங்காலம் எல்லோரும் அந்த முற்றத்தின் வாசலில்தான் இருந்தார்கள், நோன்பு பிடித்தவனும் பிடிக்காதவனும். அங்கே இருபது லட்சம் பேர் வெட்டவெளியில் நின்று அழுகிற நேரம் அது, அதில் ஒருவர் இங்கே எங்கள் முன்னால் கையேந்தி நின்றுகொண்டிருந்தார்.

எங்களுக்குப் பொழுது சாய்ந்து மஃரிப் ஆயிற்று. தொழுதுவிட்டு ஓடி வந்தோம். முற்றத்தில் இருட்டு விழுந்து நிழல் மங்கிக்கொண்டு வந்தது, இருட்டோடு இருட்டாகக் கரைந்துவிடும் போல இருந்தது. அங்கே இன்னும் வெயில் இருக்கிறது, இங்கே எங்களுக்குத் தெரியவில்லை. யாரும் அந்த வீட்டுக்குள் கால் வைக்கத் துணியவில்லை. ஜைத்தூன் வலையை மடியிலிருந்து எடுத்து வைத்தாள். பிறகு எழுந்து உள்ளே போய் முற்றத்து லைட்டைப் போட்டாள்.

நிழல் பளிச்சென்று தரையில் நின்றது. தூக்கியிருந்த கையைக் கீழே இறக்கியது. பின் மெல்ல ஒரு முழங்காலை மண்ணில் ஊன்றியது, தோணியின் பின்கட்டையில் ஊன்றுவது போல. இடது கை எதையோ இறுக்கிப் பிடித்தது. விறைப்பாக இருக்கிற ஒன்றை, எதிரே யாரோ இழுத்துக்கொண்டிருக்கிற ஒன்றை. வலது கை பக்கவாட்டில் நீண்டது. உள்ளங்கை விரிந்தது. காத்திருந்தது. பிறகு எதன் மேலோ மூடிக்கொண்டது. மூடிய கை இடது கைக்குப் பக்கத்தில் வந்து முன்னும் பின்னுமாக இழுத்தது. ஒன்று. இரண்டு. மூன்று. நான்கு. ஐந்தாவது இழுப்பில் உடம்பு பின்னால் சாய்ந்து விழுந்தது.

அந்த மனிதருடைய நாக்கால் சொல்ல முடியாத ஓர் எழுத்தை, ஊரே பார்க்கிறது என்று தெரிந்தே, அறபாவின் வெட்டவெளியில் உட்கார்ந்து அவர் கையால் எழுதிவிட்டார்.

விழுந்த நிழல் எழுந்து உட்கார்ந்து இரண்டு கையையும் காதருகே கொண்டுபோனது. கூட்டத்தில் சிலர் நெகிழ்ந்து, “அல்லாஹு அக்பர், தொழுகைக்குத் தக்பீர் கட்டுறாரு” என்றார்கள்.

“தக்பீர் இல்ல,” என்றாள் ஜைத்தூன். “தக்பீர்னா கை எறங்கும்.”

கை இறங்கவில்லை.

“காதப் பொத்துறாரு,” என்றாள். “எம்புள்ள கூப்பிட்டிருக்கான்.”

அவள் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். யாரிடமும் சொல்லாத மாதிரி சொன்னாள்: “முழிச்சுப் பாக்குறதுக்குள்ள போயிருப்பான்னு நெனச்சு மனசத் தேத்தி வச்சிருந்தேன். கூப்பிட்டிருக்கான்.”

வாசலில் நின்ற பெண்களுக்குப் பொறுக்கவில்லை. “அங்க பொழுது சாயப்போகுது, ஜைத்தூன். சாஞ்சா அறபா முடிஞ்சுரும். ஒரு வார்த்தை சொல்லிரு” என்றாள் ஒருத்தி. பாத்துமுத்து மதிலில் முகத்தைப் புதைத்துக்கொண்டு நின்றாள், அவள் ஒன்றும் கேட்கவில்லை.

“யாரும் அவங்கள நெருக்காதீங்க,” என்றார் ஆலிம்சா. “சொல்றதும் சொல்லாததும் அவங்க ஹக்கு.”

ஜைத்தூன் தலையைத் தூக்கிக் கூட்டத்தைப் பார்த்தாள். “அஞ்சு பேரு கரைக்கு வந்தீங்க. அதுக்கப்புறம் அந்த அஞ்சு வீட்டுல எத்தன புள்ள பொறந்துச்சு?”

விரல் விட்டு எண்ணினார்கள். பதினொன்று. அதில் ஆறு பேர் அப்போதே அங்கே நின்றுகொண்டிருந்தார்கள். ஒருத்தி இடுப்பில் குழந்தையோடு, என் கடைசி மகள். ஜைத்தூன் ஒவ்வொரு முகமாகப் பார்த்தாள். சும்மா பார்க்கவில்லை, சந்தையில் மீனின் கண்ணைப் பார்ப்பது போலப் பார்த்தாள். என் மகளின் இடுப்பிலிருந்த குழந்தை அவளைப் பார்த்துச் சிரித்தது, அதற்கு என்ன தெரியும்.

“இதுங்களத் திருப்பிக் குடுங்கன்னு நான் கேக்க முடியுமா?” என்றாள். பிறகு நிழலைப் பார்த்து, முதல் தடவையாக அதனிடமே பேசினாள். “தண்டல் காக்கா. அறுத்ததுக்குப் பொருந்திக்கிட்டேன். பொய் சொன்னதுக்குப் பொருந்தல. அதுக்கு நீங்க வந்து வாயால கேளுங்க.”

நிழலின் கைகள் காதை விட்டு இறங்கின. நெற்றி மண்ணில் பட்டது. சுஜூதில் நெடுநேரம் கிடந்தது. பிறகு எழுந்து, மேற்கு மதிலில் ஏறி, மடங்கி, அந்தப் பக்கம் இறங்கிக் கடலை நோக்கிப் போய்விட்டது. அடுத்த நாள் காலையில் பாத்துமுத்துவுக்குப் போன் வந்தது. மினாவில் கல் எறியக் கையை ஓங்கியபோது தரையில் இன்னொரு கையும் ஓங்கியதாம். முதலில் பயந்துவிட்டேன் என்றாராம்.

ஆனால் அன்று சாயங்காலம் அதோடு முடியவில்லை. கூட்டம் கலைய ஆரம்பித்தபோது ஜைத்தூன் கேட்டாள்: “பக்கத்துல கை நீட்டி வாங்குனாரே, பாத்தீங்களா? கத்திய யார் குடுத்தா?”

அந்த ஐந்து பேரில் இரண்டு பேர் கபுருக்குப் போய்விட்டார்கள், ஒருவர் கொழும்பிலேயே தங்கிவிட்டார், ஒருவர் அறபாவில் நின்றுகொண்டிருந்தார்.

“கப்சா காக்கா, நீங்களும் இருந்தீங்களே?”

“நான் தண்ணி எறைச்சிக்கிட்டு இருந்தேன், ஜைத்தூன்,” என்றேன். “முதுகு அந்தப் பக்கம். ஒண்ணும் பாக்கல.”

ஐந்து இழுப்பு. நிழல் இழுக்கத் தொடங்குவதற்கு முன்னாலேயே ஐந்து என்று எனக்குத் தெரியும். மீன் அறுக்கிற கத்தி அது, பிடியில் பச்சைத் துணி சுற்றியது, என்னுடையது. மீராசா வாய் திறந்து கேட்கவில்லை, கையை நீட்டினார். நான் இடுப்பிலிருந்து உருவிக் கொடுத்தேன், பிடிப்பக்கம் அவர் கையில் வரும்படி திருப்பிக் கொடுத்தேன். எதற்கென்று தெரியாமல் கொடுத்தேன் என்று இருபத்திரண்டு வருடமாக நான் விட்ட கப்சாவை ஊரில் யாரும் கேட்டதில்லை, கேட்டுக்கொண்டிருந்த ஒரே ஆள் நான்தான். நூஹு கூப்பிட்டது “உம்மா” என்று. காதைப் பொத்திக்கொள்ளக்கூட எனக்குக் கை வரவில்லை, முழுக்கக் கேட்டேன்.

ஜைத்தூன் வீட்டு லைட்டின் வெளிச்சத்தில் எல்லோரும் தங்கள் தங்கள் நிழலை இழுத்துக்கொண்டு வாசலைத் தாண்டினார்கள். நானும் தாண்டினேன். என் வீட்டு வாசல் பல்புக்குக் கீழே வந்து செருப்பைக் கழற்றக் குனிந்தபோது பார்த்தேன். செருப்புக்கு நிழல் இருந்தது. எனக்கு இல்லை.

மீராசா நாற்பது நாள் கழித்துத் தலை மழித்து, நிழலோடு வந்தார். ஜம்ஜம் தண்ணீரைக்கூட வீட்டில் இறக்கவில்லை, பஸ்ஸிலிருந்து நேரே அந்த வாசலுக்குப் போனார். தெருவெல்லாம் கேட்கும்படி, “அறுத்தேன், ஜைத்தூன். அறுத்துட்டு அறுந்ததுன்னு பொய் சொன்னேன், அதுக்கும் பொருந்திக்கிடு,” என்றார். அவள் உள்ளே கூப்பிட்டு உட்காரச் சொன்னாள். தண்ணீர் கொடுத்தாள். அவன் என்ன சொல்லிக் கூப்பிட்டான் என்று கேட்டாள்.

“நான்தான் காதப் பொத்திக்கிட்டேனே, தங்கச்சி. எனக்குத் தெரியாது.” கொஞ்சம் நிறுத்தி, “கேட்டவுக இருக்காக” என்றார். யாரென்று அவர் சொல்லவில்லை. கிணற்றடியில் கைநீட்டிய வாக்கில் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்த இன்னொரு நிழலைப் பார்த்தாராம், பார்வையைத் திருப்பிக்கொண்டாராம்.

மீராசாவுடையதைப் போல ஆளோடு சேர்ந்து ஆடாமல், நீட்டிய கையோடு உட்கார்ந்தே இருக்கிற அந்த நிழலையும் ஊர் பழகிக்கொண்டது. கொழும்புக்காரருடைய நிழல்தான் அது, கடல் தாண்டி வந்து உட்கார்ந்திருக்கிறது என்று ஒரு பேச்சு. அந்தப் பேச்சை முதலில் கிளப்பியதும் நான்தான். நான் இப்போது குடை இல்லாமல் வெளியே போவதில்லை. குடையின் நிழலுக்குள் ஆளின் நிழலை யார் தேடப்போகிறார்கள்? மழை இல்லாத நாளில் எதற்குக் குடை என்று மோதினார் கேட்டார், கடல்பசு சொல்லிவிட்டது என்றேன். சிரித்தார்.

ஜைத்தூன் சிரிக்கவில்லை. அவள் யாரையும் விசாரிக்கவும் இல்லை. தினமும் அந்த நிழலைச் சுற்றிப் பெருக்குகிறாள். அதற்குப் பக்கத்தில் ஒரு மனை போட்டு வைத்திருக்கிறாள், உட்கார. சாயங்காலமானால் லைட்டைப் போட்டுவிட்டு வாசலைப் பார்த்துக்கொண்டு வலை பொத்துகிறாள். நேற்று குடையோடு அந்த வழியாகப் போனேன். செருப்பு வாரைச் சரிசெய்யக் குனிந்தேன்.

நாளைக்கு அஸருக்குப் பிறகு போகிறேன். கத்தி யாருடையது என்று அவளுக்குச் சொல்ல வேண்டும், அவன் கடைசியாகக் கூப்பிட்டது யாரை என்று சொல்ல வேண்டும். அவள் பொருந்துவாளா என்று எனக்குத் தெரியாது. பொருந்தாவிட்டாலும் அந்தச் சொல் அவளுக்குச் சேர வேண்டிய சொல். அதனால், பெரியவர்களே, தாய்மார்களே, இந்தக் கதையை யாரிடம் வேண்டுமானாலும் சொல்லுங்கள், கூட்டியும் சொல்லுங்கள், குறைத்தும் சொல்லுங்கள். ஆனால் சொன்னது யார் என்று நாளை அஸர் வரைக்கும் ஒருவரிடமும் மூச்சுவிடாதீர்கள். அவள் அதை என் வாயிலிருந்துதான் கேட்க வேண்டும்.